பந்தும் கொடுத்தார்... கோடும் போட்டார்! - பெண்கள் கூடைப்பந்தின் தாய் செண்டா பெரன்சன் கதை

மீன்சுருட்டி பஸ் ஸ்டாப்ல சாயங்காலம் ஸ்கூல் விடுற நேரத்துல நின்னு பாருங்க. கும்பகோணம் பக்கம் போற பஸ், ஜெயங்கொண்டம் போற பஸ்னு ஒவ்வொண்ணா வந்து நிக்கும். பையைத் தோள்ல மாட்டிக்கிட்டு, ரெட்டைச் சடையோட பொண்ணுங்க கூட்டமா ஓடுவாங்க. படியைப் பிடிக்கிறதுக்குள்ள பஸ் நகர்ந்தா, கூடவே ஓடி ஏறிடுவாங்க. ஓட்டம், தாவல், குறி தவறாத பிடி... ஒரு விளையாட்டு வீராங்கனைக்குத் தேவையான எல்லாமே அந்தப் பத்து நொடியில இருக்கும்.

ஆனா, அந்தக் கூட்டத்துல எத்தனை பேர் அன்னிக்குப் பந்தைத் தொட்டிருப்பாங்க?

உங்க ஸ்கூல் நாள்களை நினைச்சுப் பாருங்க. ஆறாவது படிக்கும்போது எல்லாரும்தான் ஓடினீங்க. எட்டாவது, ஒன்பதாவது வந்ததும் பி.டி. பீரியட்ல பந்து பசங்க பக்கம் போயிடும். பொண்ணுங்க மரத்தடியில உட்கார்ந்து ரெக்கார்டு நோட் எழுதுவாங்க. யாரும் தடை போட்டிருக்க மாட்டாங்க. வயசுக்கு வந்த பிறகு மைதானம்ங்கிறது மெதுவா நம்ம கையை விட்டுப் போயிடும், அவ்வளவுதான்.

130 வருஷத்துக்கு முன்னாடி, உலகத்தின் இன்னொரு மூலையில் ஒரு பெண் இதே பிரச்னையை எதிர்கொண்டார். அவரால் ஐந்து நிமிஷம் நிமிர்ந்து நிற்பதே கஷ்டம். அப்படிப்பட்டவர்தான் கல்லூரிப் பெண்களின் கையில் கூடைப்பந்தைக் கொடுத்தார். இன்றைக்கு இந்தியப் பெண்கள் அணி சர்வதேசப் போட்டியில் களமிறங்குகிறது என்றால், அந்தக் கதையின் முதல் பக்கத்தில் இருப்பது அவர் பெயர்தான்.

அவர் செண்டா பெரன்சன். பெண்கள் கூடைப்பந்தின் தாய் என்று விளையாட்டு உலகம் அவரைக் கொண்டாடுகிறது. அவர் கதையில் ஒரு சிக்கலும் இருக்கு. அதையும் சேர்த்தே பேசுவோம்.

பாத்திரக்காரர் மகள்

1868 மார்ச் 19. லித்துவேனியாவில் புட்ரிமோனிஸ் என்ற சின்ன ஊரில், ஒரு யூதக் குடும்பத்தில் செண்டா பிறந்தார். அப்போது அந்தப் பகுதி ரஷ்யப் பேரரசின் ஆளுகையில் இருந்தது. குடும்பப் பெயர் வால்வ்ரோஜென்ஸ்கி. வாயில நுழையலையா? அமெரிக்காக்காரர்களுக்கும் நுழையவில்லை போலிருக்கிறது. பிழைப்பு தேடி அப்பா முதலில் கப்பலேற, 1875-ல் அம்மாவும் பிள்ளைகளும் பின்னாலேயே போய் பாஸ்டன் நகரில் சேர்ந்தார்கள். அங்கே குடும்பப் பெயர் பெரன்சன் ஆனது. செண்டாவுக்கு அப்போது ஏழு வயசு.

அப்பா செய்த வேலை என்ன தெரியுமா? ஊர் ஊராகப் போய்ப் பாத்திரம் பண்டம் விற்பது. நம்ம தெருவுக்கும் வருவாரே பாத்திரக்காரர், அதே வேலைதான். அந்த வருமானத்தில்தான் வீடு ஓடியது. அண்ணன் பெர்னார்டு படிப்பில் கெட்டிக்காரர். ஹார்வர்டு வரை போய், பிறகு இத்தாலிய ஓவியங்களைப் பற்றி எழுதி உலகப் புகழ்பெற்ற கலை விமர்சகர் ஆனார். வீட்டின் பெருமை, எதிர்பார்ப்பு எல்லாம் அவர் மேல்தான்.

செண்டாவுக்கு உடம்பு ஒத்துழைக்கவே இல்லை. சின்ன வயசிலிருந்தே நோஞ்சான். அடிக்கடி முதுகுவலி. பெண்கள் பள்ளியில் சேர்ந்தும் உடல்நலக் குறைவால் படிப்பை முடிக்க முடியவில்லை. பியானோ என்றால் உயிர். அதைக் கற்றுக்கொள்ளப் போனார். அதற்கும் மணிக்கணக்கில் நிமிர்ந்து உட்கார வேண்டுமே? முதுகு விடவில்லை. அந்தக் கனவும் பாதியில் நின்றது.

இருபது வயசு தாண்டியும் கையில் படிப்பு இல்லை, வேலை இல்லை, உடம்பில் தெம்பும் இல்லை. அந்தக் காலகட்டம் எப்படி இருக்கும்னு உங்கள்ல சிலருக்கு நல்லாவே தெரியும்.

பிடிக்காமல் சேர்ந்த இடம்

1889-ல் பாஸ்டனில் பெண்களுக்காக ஓர் உடற்பயிற்சிப் பயிற்சிப் பள்ளி தொடங்கப்பட்டது. மேரி ஹெமன்வே என்ற செல்வந்தப் பெண்மணி பணம் கொடுக்க, ஏமி மோரிஸ் ஹோமன்ஸ் நிர்வாகத்தைப் பார்த்துக்கொண்டார். அங்கே கற்பித்தது ஸ்வீடன் நாட்டு உடற்பயிற்சி முறை. ஆசிரியர் சொல்லச் சொல்ல, உடம்பின் ஒவ்வொரு பகுதியையும் ஒழுங்காக இயக்கும் முறை அது.

1890-ல் செண்டா அங்கே சேர்ந்தார். விளையாட்டு ஆர்வத்தில் போனவர் இல்லை அவர். உடம்பு கொஞ்சம் தேறினால் போதும் என்பதற்காகப் போனவர். ஆரம்பத்தில் அந்தப் பயிற்சிகள் அவருக்குச் சுத்தமாகப் பிடிக்கவில்லை. சில நிமிஷம் நின்றாலே படுத்து ஓய்வெடுக்க வேண்டிய நிலை. மற்றவர்கள் செய்துகொண்டிருக்க, இவர் படுத்திருப்பார்.

ஆனாலும் மறுநாள் திரும்பிப் போனார். அதற்கு மறுநாளும் போனார். மாதங்கள் போகப் போக உடம்பில் மாற்றம் தெரிந்தது. முதுகு நேரானது, பசி எடுத்தது, தூக்கம் வந்தது. மருந்தும் ஓய்வும் தராததைப் பயிற்சி தந்தது. ஜிம்மில் முதல் வாரம் உடம்பெல்லாம் வலித்து, மூணாவது மாசம் படி ஏறும்போது மூச்சு வாங்காமல் இருந்த அனுபவம் உங்களுக்கு இருந்தால், செண்டாவுக்கு என்ன நடந்தது என்று சொல்லாமலே புரியும்.

அந்த மாற்றத்தைத் தன் உடம்பிலேயே பார்த்தவர் என்பதால், பின்னாளில் யார் வந்து பெண்களுக்கு உடற்பயிற்சி ஆகாது என்று சொன்னாலும் அவர் நம்பத் தயாராக இல்லை. சொன்னவர்கள் நிறையப் பேர்!

படிச்சாலே ஆபத்தாம்!

1892 ஜனவரியில் மாசசூசெட்ஸ் மாநிலம் நார்த்தாம்ப்டனில் இருந்த ஸ்மித் கல்லூரிக்கு உடற்பயிற்சி ஆசிரியையாகப் போனார் செண்டா. அது பெண்களுக்கான கல்லூரி. அப்போது அவருக்கு வயசு 23. தற்காலிக வேலையாக ஆரம்பித்தது, அப்படியே நிலைத்துவிட்டது.

அந்தக் காலத்து மருத்துவர்கள் பெண்களைப் பற்றி என்ன நினைத்தார்கள் என்று கேட்டால் தலை சுற்றும். 1873-ல் எட்வர்டு கிளார்க் என்ற பாஸ்டன் மருத்துவர் ஒரு புத்தகம் எழுதினார். வயசுக்கு வந்த பெண்கள் ஆண்களைப் போலப் படித்தால், மூளைக்குப் போகும் சக்தி கருப்பைக்குப் போகாது, பிற்காலத்தில் பிள்ளைப்பேறு பாதிக்கும் என்பது அவர் வாதம். படிப்புக்கே இப்படி என்றால் ஓட்டம், குதி, பந்து எல்லாம் எங்கே?

அந்தப் புத்தகத்தைப் பலரும் நம்பினார்கள். அதனால் பெண்கள் கல்லூரிகளுக்கு ஒரு நெருக்கடி. எங்கள் மாணவிகள் படித்தும் ஆரோக்கியமாக இருக்கிறார்கள் என்று ஊருக்குக் காட்டியாக வேண்டும். உடற்பயிற்சி வகுப்புகள் அதற்காகத்தான் வந்தன. ஆனால், மாணவிகளுக்கு அது பெரிய போர். எண்ணி எண்ணிக் கையை நீட்டி மடக்குவதில் யாருக்கு ஆர்வம் வரும்? வகுப்பைத் தட்டிக் கழிக்கப் பார்த்தார்கள். செண்டாவுக்கும் அது புரிந்தது. தேவை ஒரு விளையாட்டு. குளிர்காலத்தில் கூரைக்குக் கீழே ஆடக்கூடிய, பலர் ஒன்றாக ஆடக்கூடிய விளையாட்டு.

அது சுமார் 30 கிலோமீட்டர் தூரத்தில் அப்போதுதான் பிறந்திருந்தது. இங்கிருந்து கும்பகோணம் போற தூரம்கூட இல்லை!

பழக்கூடையில் பிறந்த ஆட்டம்

ஸ்பிரிங்ஃபீல்டு நகரில் ஒய்.எம்.சி.ஏ. பயிற்சிப் பள்ளி. அங்கே ஆசிரியராக இருந்தவர் கனடாவைச் சேர்ந்த ஜேம்ஸ் நைஸ்மித். வெளியே பனி கொட்டும் 1891 டிசம்பரில், 18 மாணவர்கள் கொண்ட வகுப்பைச் சமாளிக்க அவர் ஒரு வழி கண்டுபிடித்தார். பீச் பழம் வைக்கிற இரண்டு கூடைகளை எடுத்து, தரையிலிருந்து 10 அடி உயரத்தில் எதிரெதிராக ஆணியடித்து மாட்டினார். நம்ம ஊராக இருந்தால் முந்திரிக்கொட்டை பொறுக்கும் கூடையை மாட்டியிருப்பார்! கால்பந்து ஒன்றைக் கொடுத்து, 13 விதிகளை எழுதிச் சுவரில் ஒட்டினார். கூடைப்பந்து பிறந்தது.

1892 ஜனவரியில் அந்தப் பள்ளியின் பத்திரிகையில் நைஸ்மித் இந்த ஆட்டத்தைப் பற்றி எழுதினார். அந்தக் கட்டுரை செண்டாவின் கண்ணில் பட்டது. ஆண்களுக்காக உருவாக்கிய ஆட்டம்தான். ஆனால், இதைத் தன் மாணவிகள் ஆடினால் என்ன என்று அவருக்குத் தோன்றியது. ஸ்பிரிங்ஃபீல்டு பள்ளி ஆசிரியைகள் சிலரும் அதே வருஷம் இதை ஆடிப் பார்த்தார்கள். ஆனால், ஒரு பெண்கள் கல்லூரிக்குள் அதைக் கொண்டுபோய், பாடத்தின் பகுதியாக்கி, விதிகளை வகுத்து நிலைநிறுத்தியவர் செண்டாதான்.

ஆண்களுக்கு அனுமதி இல்லை

1893 மார்ச். ஸ்மித் கல்லூரி உடற்பயிற்சிக் கூடத்தில் முதலாம் ஆண்டு மாணவிகளும் இரண்டாம் ஆண்டு மாணவிகளும் மோதினார்கள். பெண்கள் கல்லூரியில் நடந்த முதல் கூடைப்பந்துப் போட்டி என்று வரலாறு குறித்து வைத்திருப்பது இதைத்தான்.

ஆண்களுக்கு உள்ளே அனுமதி இல்லை. ஏன்? மாணவிகள் அணிந்திருந்தது முழங்கால் அளவில் கட்டிய தொளதொள கால்சட்டை, கறுப்புக் காலுறை, முழுக்கைச் சட்டை. இன்றைக்குப் பார்த்தால் உடம்பு முழுக்க மூடிய உடை. ஆனால், தரையைத் தொடும் பாவாடை இல்லாமல் பெண்ணை ஓர் ஆண் பார்ப்பது அன்றைக்குப் பெரிய விஷயம். அதனால் கதவை மூடிவிட்டுத்தான் ஆட்டம்.

உள்ளே ஒரே திருவிழா. வகுப்புக்கு ஒரு நிறம். அந்த நிறத்தில் தோரணம், கொடி. இரண்டு பக்கமும் தோழிகள் நின்று பாட்டும் கூச்சலுமாகக் கொண்டாடினார்கள். செண்டா நடுவில் வந்து பந்தை மேலே தூக்கிப் போட்டார். அந்த முதல் நொடியிலேயே விபரீதம். முதலாம் ஆண்டு அணியின் தலைவி பந்துக்காகக் கையை நீட்ட, பந்து பட்ட வேகத்தில் அவருடைய தோள்மூட்டு நழுவிவிட்டது!

யோசிச்சுப் பாருங்க. பெண்கள் உடம்பு விளையாட்டைத் தாங்காது என்று ஊரே சொல்லிக்கொண்டிருக்கிறது. தாங்கும் என்று காட்ட நடத்திய முதல் போட்டியில், முதல் நொடியில், முதல் காயம். அதுவும் ஆசிரியை போட்ட பந்தில். அன்றோடு அந்த ஆட்டத்தை மூட்டை கட்டியிருக்கலாம். யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள்.

மூட்டை கட்டவில்லை. அந்தப் பெண்ணை வெளியே அழைத்துப்போய்ச் சிகிச்சை கொடுத்தார்கள். வேறொரு மாணவி உள்ளே வந்தார். ஆட்டம் தொடர்ந்தது. கடைசியில் இரண்டாம் ஆண்டு மாணவிகள் 5-4 என்று ஜெயித்தார்கள். ஒரு கூடை விழுந்தால் ஒரு புள்ளி என்று கணக்கிட்ட காலம் அது. ஒரே ஒரு கூடை வித்தியாசம். அந்தக் கூடத்தில் எவ்வளவு சத்தம் கேட்டிருக்கும்!

பாண்டி ஆட்டம் மாதிரி ஒரு கோடு

ஆட்டம் பிடித்துப்போனது. அதோடு தள்ளுமுள்ளும் வந்தது. பந்தைப் பிடுங்குவது, இழுப்பது, விழுவது. கூடவே வெளியிலிருந்து முணுமுணுப்பு. இது முரட்டு ஆட்டம், நல்ல குடும்பத்துப் பெண்களுக்கு ஆகாது என்றார்கள். ஆட்டத்தைக் காப்பாற்ற வேண்டுமென்றால் அதை மாற்றியாக வேண்டும் என்று செண்டா முடிவு செய்தார்.

என்ன செய்தார் தெரியுமா? மைதானத்தின் குறுக்கே இரண்டு கோடு போட்டு, அதை மூன்று கட்டங்களாகப் பிரித்தார். எந்தக் கட்டத்தில் நிற்கச் சொன்னார்களோ, ஆட்டம் முடியும்வரை அந்தக் கட்டத்துக்குள்தான் ஆட வேண்டும். கோட்டைத் தாண்டினால் தவறு. சின்ன வயசுல பாண்டி ஆடும்போது கோட்டை மிதிச்சா அவுட் ஆவோமே, அது மாதிரி.

அடுத்து, எதிராளி கையில் இருக்கும் பந்தைப் பிடுங்கக் கூடாது. பிடுங்க மாட்டார்கள் என்பதற்காக ஒருத்தரே வைத்துக்கொண்டு நின்றால் ஆட்டம் படுத்துவிடுமே? அதற்காக, மூன்று நொடிக்கு மேல் பந்தைக் கையில் வைத்திருக்கக் கூடாது. தரையில் தட்டிக்கொண்டு போவதும் மூன்று தட்டுக்கு மேல் கூடாது.

இந்த விதிகளுக்குப் பின்னால் இரண்டு எண்ணம் இருந்தது. ஒன்று, மைதானம் முழுக்க ஓடி யாரும் மூச்சு முட்டிப்போகக் கூடாது. செண்டாவே பலவீனமான உடம்போடு வாழ்ந்தவர் அல்லவா? இன்னொன்று, கெட்டிக்காரியான ஒருத்தி மட்டும் பந்தோடு ஓடிப் பேர் வாங்கிவிடக் கூடாது. மூன்று கட்டத்திலும் இருப்பவர்கள் ஒருவருக்கொருவர் பந்தைக் கொடுத்தால்தான் கூடை வரை போகும். எல்லோருக்கும் பந்து. எல்லோரும் தேவை.

பி.டி. பீரியட்ல கடைசி வரைக்கும் யாரும் பந்து பாஸ் பண்ணாத அந்தப் பொண்ணை நினைச்சுப் பாருங்க. அவளுக்காகத்தான் அந்தக் கோடு.

நாடு முழுக்கப் பரவிய ஜுரம்

ஸ்மித் கல்லூரியோடு ஆட்டம் நிற்கவில்லை. ஒரு சில வருஷங்களில் அமெரிக்காவின் கிழக்குக் கரையிலிருந்து மேற்குக் கரை வரை பெண்கள் கூடைப்பந்து ஆடினார்கள். 1896 ஏப்ரலில் சான் ஃபிரான்சிஸ்கோவில் ஸ்டான்ஃபோர்டு மாணவிகளும் கலிஃபோர்னியா பல்கலைக்கழக மாணவிகளும் மோதினார்கள். ஸ்டான்ஃபோர்டு 2-1 என்று வென்றது. இரண்டு கல்லூரிகளின் பெண்கள் அணிகள் மோதிய முதல் போட்டி அது. அங்கேயும் ஆண்களுக்குக் கதவு மூடியே இருந்தது.

ஆனால், ஊருக்கு ஒரு விதி. ஓரிடத்தில் ஆண்கள் விதி, இன்னோரிடத்தில் தாங்களே எழுதிய விதி. 1899-ல் ஸ்பிரிங்ஃபீல்டில் உடற்கல்வி ஆசிரியர்கள் மாநாடு கூடியபோது, பெண்களுக்கான பொது விதிகளை எழுத ஒரு குழு அமைந்தது. செண்டா அதில் முக்கியமானவர். அவர் பதிப்பாசிரியராக இருந்து தொகுத்த விதிப் புத்தகம் 1901-ல் வெளிவந்தது. அதற்குப் பிறகு 1917 வரை அந்த விதிகளைத் திருத்துவதும் பதிப்பிப்பதும் அவர் பொறுப்பிலேயே இருந்தது.

நடுவில் ஸ்வீடன் தலைநகர் ஸ்டாக்ஹோமுக்கே போய், தான் கற்ற உடற்பயிற்சி முறையை அதன் பிறந்த இடத்தில் படித்துவிட்டு வந்தார். ஸ்மித் கல்லூரிக்குக் கத்திச்சண்டை, நாட்டுப்புற நடனம், ஹாக்கி என்று ஒவ்வொன்றாகக் கொண்டுவந்தார். உடம்பு சரியில்லாத மாணவிகளுக்கென்று தனிப் பயிற்சிகளையும் நடத்தினார். படுத்தே கிடந்த தன் பழைய நாள்களை அவர் மறக்கவில்லை.

சிக்கல் இங்கேதான்

இப்போ அந்தச் சிக்கலுக்கு வருவோம். செண்டா பெரன்சனுக்கு வெளிப் போட்டிகள் பிடிக்காது!

ஒரே கல்லூரிக்குள் வகுப்புக்கு வகுப்பு மோதலாம். ஆனால், கல்லூரிக்குக் கல்லூரி மோதுவதை அவர் எதிர்த்தார். ஜெயித்தே ஆக வேண்டும் என்ற வெறி வந்தால் முரட்டுத்தனம் வரும், நன்றாக ஆடும் ஐந்தாறு பேர் மட்டும் ஆடுவார்கள், மற்றவர்கள் மறுபடி பார்வையாளர்கள் ஆகிவிடுவார்கள் என்று பயந்தார். பெண்மைக்குரிய நயம் கெட்டுவிடக் கூடாது என்ற அந்தக் காலத்து எண்ணமும் அவரிடம் இருந்தது. அதையும் மறைக்க வேண்டியதில்லை.

அப்படியென்றால் ஒரு தேசிய அணி? நாட்டுக்கு நாடு போட்டி? கொடி, பதக்கம், புள்ளிப் பட்டியல்? அவர் நினைத்தே பார்க்காத, பார்த்திருந்தாலும் ஏற்றுக்கொண்டிருக்க மாட்டாத விஷயம்.

அவர் போட்ட கோடும் அப்படித்தான் ஆனது. ஆட்டத்தைக் காப்பாற்றப் போட்ட கோடு, மெல்ல மெல்லப் பெண்களைக் கட்டிப்போட்டது. பெண்ணால் முழு மைதானமும் ஓட முடியாது என்பதற்கு அந்தக் கோட்டையே சாட்சியாகக் காட்டினார்கள். மூன்று கட்டம் இரண்டு கட்டமாகக் குறைந்தது 1938-ல். அமெரிக்கக் கல்லூரிப் பெண்கள் ஐந்து பேர் அணியாக முழு மைதானத்திலும் ஓட அனுமதி கிடைத்தது 1971-ல். அயோவா மாநிலப் பள்ளிகளில் பாதி மைதான ஆட்டம் 1993 வரை நடந்தது. செண்டா கோடு போட்டு ஏறக்குறைய நூறு வருஷம்!

அவரை என்ன சொல்வது? நம்ம வீட்டிலும் இப்படிச் சில பேர் இருக்காங்க. நம்மைக் காலேஜுக்கு அனுப்பச் சண்டை போட்ட அதே அம்மாதான், ஹாஸ்டல் வேண்டாம், வீட்டிலிருந்து பஸ்ஸில் போய் வா என்றும் சொல்லியிருப்பார். கதவைத் திறந்ததும் அவர்தான். வாசலில் நின்றதும் அவர்தான். கோபமும் வரும், கும்பிடவும் தோன்றும்.

ஓய்ந்த பிறகு

1911-ல், 43 வயசில், செண்டா திருமணம் செய்துகொண்டார். கணவர் ஹெர்பர்ட் வாகன் அபட், அதே கல்லூரியில் ஆங்கிலப் பேராசிரியர். திருமணத்தோடு ஸ்மித் கல்லூரி வேலையை விட்டார். ஆனால், சும்மா இருக்கவில்லை. அதே ஊரில் ஒரு பெண்கள் பள்ளியில் 1921 வரை உடற்கல்வி கற்பித்தார். 1929-ல் கணவர் இறந்தார். அதன் பிறகு கலிஃபோர்னியாவின் சான்டா பார்பராவுக்குப் போய், சகோதரியோடு வாழ்ந்தார். இத்தாலியில் இருந்த அண்ணனோடும் உறவு தொடர்ந்தது.

1953 மார்ச்சில் தென்னமெரிக்காவின் சிலி நாட்டில் பெண்களுக்கான முதல் உலகக் கூடைப்பந்துப் போட்டி நடந்தது. நாடுகள் மோதின, அமெரிக்கா வென்றது. செண்டாவுக்கு அப்போது 85 வயசு. அடுத்த வருஷம், 1954 பிப்ரவரி 16-ல் அவர் காலமானார்.

ஆண்கள் கூடைப்பந்து 1936-லேயே ஒலிம்பிக்கில் இடம் பிடித்துவிட்டது. பெண்கள் இன்னும் 40 வருஷம் காத்திருந்து 1976 மான்ட்ரியல் ஒலிம்பிக்கில் நுழைந்தார்கள். அந்த முதல் தங்கம் சோவியத் யூனியனுக்குப் போனது. 1985-ல் நைஸ்மித் பெயரில் உள்ள கூடைப்பந்துப் புகழ் மன்றத்தில் முதன்முதலாகப் பெண்கள் இடம்பெற்றபோது, செண்டா அவர்களில் ஒருவர். அவர் இறந்து 31 வருஷம் கழித்து வந்த மரியாதை அது.

பெங்களூரில் இரண்டே புள்ளி

ஸ்பிரிங்ஃபீல்டில் பிறந்த ஆட்டத்தை ஒய்.எம்.சி.ஏ. அமைப்புதான் உலகம் முழுக்கக் கொண்டுபோனது. நம்ம பக்கமும் வந்தது. 1920-ல் ஹாரி குரோ பக் என்ற அமெரிக்கர் சென்னையில் தொடங்கிய ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரி இன்றும் நந்தனத்தில் இருக்கிறது. தமிழ்நாட்டுப் பள்ளிகளில் கோர்ட்டுக்குச் சுண்ணாம்புக் கோடு போட்ட பி.டி. ஆசிரியர்கள் எத்தனையோ பேர் அங்கே படித்து வந்தவர்கள்.

2017 ஜூலை. பெங்களூரில் பெண்கள் ஆசியக் கோப்பையின் பி பிரிவு இறுதிப்போட்டி. இந்தியாவும் கஜகஸ்தானும் மோதின. இந்தியா ஜெயித்தால் மேல் பிரிவுக்குப் போகலாம். ஜப்பான், சீனா, ஆஸ்திரேலியா ஆடுகிற பிரிவு அது. கடைசி வரை இழுபறி. முடிவு 75-73. இரண்டே புள்ளியில் இந்தியா வென்றது. அந்த அணியில் சென்னையைச் சேர்ந்த அனிதா பால்துரை இருந்தார். பத்து வருஷத்துக்கும் மேலாக நாட்டுக்காக ஆடி, 19 வயசிலேயே அணித்தலைவி ஆனவர். 2021-ல் பத்மஸ்ரீ விருது அவருக்குக் கிடைத்தது.

அடுத்து 2019. அதே பெங்களூர், ஆனால் மேல் பிரிவு. இந்தியா எட்டு அணிகளில் எட்டாவதாகத்தான் முடித்தது. இதையும் சொல்லத்தான் வேண்டும். ஒரு நாட்டின் அணி 12 பேரால் மட்டும் ஆவதில்லை. அந்த 12 பேருக்குப் பின்னால் பள்ளியிலும் ஊரிலும் பந்து தொட்ட ஆயிரக்கணக்கான பெண்கள் இருக்கணும். ஒன்பதாவது வகுப்பிலேயே மரத்தடிக்குப் போய்விட்டால், தேசிய அணிக்கு ஆள் எங்கிருந்து வரும்?

சில பேர் மட்டும் ஆடி மற்றவர்கள் வேடிக்கை பார்க்கும் நிலை வரக் கூடாது என்று செண்டா பயந்தார் இல்லையா? அந்த ஒரு விஷயத்தில் அவர் கணக்கு தப்பவில்லை. கோடு தப்பு. கவலை தப்பு இல்லை.

உங்க ஊர் கோர்ட்

மீன்சுருட்டியிலிருந்து கொஞ்ச தூரத்தில் கங்கைகொண்ட சோழபுரம். அந்தக் கோயில் புல்வெளியில் லீவு நாளில் போய்ப் பாருங்க. அஞ்சு வயசுப் பொண்ணுங்க குறுக்கும் நெடுக்குமா ஓடிக்கிட்டு இருப்பாங்க. யாரும் அவங்களுக்குக் கோடு போடலை. அந்த ஓட்டம் பதிமூணு வயசுல எங்க போகுதுங்கிறதுதான் கேள்வி.

உங்களுக்கு இப்போ இருபது, இருபத்தஞ்சு வயசு இருக்கலாம். இனிமே விளையாடி என்ன ஆகப்போகுதுன்னு தோணலாம். செண்டா முதன்முதலா ஜிம்முக்குள்ள காலெடுத்து வச்சப்போ அவருக்கு 22 வயசு. அதுவும் படுத்துப் படுத்து எழுந்துதான் பயிற்சியை முடிச்சார். தேசிய அணிக்குப் போகணும்னு இல்லை. தோழிங்க நாலு பேரைக் கூப்பிடுங்க. ஒரு பந்து போதும். பக்கத்து ஸ்கூல் மைதானத்துல ஞாயித்துக்கிழமை காலையில ஒரு மணி நேரம் கேட்டு வாங்குங்க. வீட்டுல தங்கச்சி இருந்தா அவளையும் கூட்டிட்டுப் போங்க.

முதல் நாள் ஒரு கூடைகூட விழாது. பரவாயில்லை. மறுபடி போங்க. பந்து கைக்கு வந்ததும், ஓரமா நிக்கிறாளே ஒருத்தி, அவளுக்கு முதல்ல பாஸ் பண்ணுங்க.